காமாலை வராத மாமா

மதுரை கோர்ட் வளாகத்தைச் சுற்றி இருக்கும் ஏதாவது ஒரு வக்கீல் அறைக்குள் நுழைந்து, "கேஸ் டிபால்ட்டில் போய்விட்டது, நாங்கள் ஆஜராகாததால் தள்ளுபடி, ரொம்பத் தாமதமாகத்தான் எங்களுக்கே தெரியும், காரணம் என்ன எழுதலாம்?" என்று கேட்டுப் பாருங்கள். பெரும்பாலும் கேஸ் கட்டிலிருந்து தலையைக்கூட நிமிர்த்தாமல் மஞ்சள் காமாலை என்பார்கள். காமாலைக்கு அப்படி ஒரு வசதி. நம் பக்கத்தில் அதற்கு யாரும் ஆஸ்பத்திரி போவதில்லை. கீழாநெல்லியை அரைத்து மோரில் கலக்கிக் குடித்துவிட்டுப் பத்தியம் இருப்பார்கள். நாட்டு வைத்தியர் சீட்டு எழுதித் தருவதில்லை, பில் தருவதில்லை. ஆகவே சான்றிதழ் எங்கே என்று யாரும் கேட்க முடியாது. வெயிலில் அலையக்கூடாது என்றார்கள், படுத்த படுக்கையாகக் கிடந்தேன், வக்கீலைத் தொடர்புகொள்ள இயலவில்லை, இது வேண்டுமென்றே செய்ததல்ல. நாலு வரியில் அபிடவிட், அதாவது சத்திய வாக்குமூலம், முடிந்தது. படிக்கிற நீதிபதிக்கும் இது தெரியும். எதிர்த்தரப்பு வக்கீலுக்கும் தெரியும். போன வாரம் அவரே வேறொரு கேஸில் தன் கட்சிக்காரருக்குக் காமாலை வரவழைத்தவராக இருப்பார்.

என் தாய்மாமா அந்த அபிடவிட்டில் கையெழுத்துப் போட மாட்டேன் என்றார். அவருடைய விபத்து இழப்பீட்டு வழக்கு தள்ளுபடியாகிக் கிடந்து, மறுபடி உயிர் பெற்று, தீர்ப்பும் வந்துவிட்டது. ஆனாலும் அன்றைக்கு அந்த அறையில் நடந்த பேச்சு எனக்குள் இன்னும் அடங்கவில்லை. அதைத்தான் எழுதுகிறேன்.

விபத்தைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. 2015-ல் உசிலம்பட்டியிலிருந்து மதுரைக்கு வேலைக்கு வரும்போது செக்கானூரணிக்குக் கொஞ்சம் முன்னால் ஒரு சரக்கு வேன் பின்னாலிருந்து அவருடைய டிவிஎஸ் 50-ஐத் தட்டிவிட்டது. வலது கால், முழங்காலுக்குக் கீழே இரண்டு எலும்பும் உடைந்தன. பெரியாஸ்பத்திரியில் பிளேட் வைத்தார்கள். எப்ஐஆர், காயச் சான்று எல்லாம் ஒழுங்காக நடந்தது. வேனுக்கு இன்சூரன்ஸ் இருந்தது. அடுத்த வருடம் மோட்டார் வாகனச் சட்டம் 166-ஆம் பிரிவில் எம்சிஓபி, அதாவது விபத்து இழப்பீட்டு மனு, தாக்கலானது. "தேதி வரும்போது நாங்களே கூப்பிடுவோம், அப்ப வந்தாப் போதும்" என்று பழைய வக்கீலின் குமாஸ்தா சொல்லி அனுப்பினார். விபத்துக் கேஸ் போட்ட எல்லோருக்கும் இந்த வாக்கியம் தெரிந்திருக்கும்.

மாமா கொத்தனார். எலும்பு கூடிய பிறகு நன்றாகவே நடந்தார், சின்ன விந்தல்தான். ஊரில் பார்த்தவர்கள் எல்லாம் "கால் சரியாப் போச்சே" என்றார்கள். ஆனால் கொத்தனாருக்கு நடப்பதா வேலை? சாரத்தில் ஏறி நிற்க வேண்டும், மேலே நின்றுகொண்டே ஒரு காலில் பாரம் கொடுத்து மறு பக்கம் சாய வேண்டும். பூச்சு வேலை அப்படி. அது முடியாவிட்டால் தரை போடலாம் என்றால், டைல்ஸ் வேலை முழுக்கக் குத்தவைத்துத்தான். அவரால் வலது முழங்காலை முழுசாக மடக்க முடியாது. ஒரு மணைக்கட்டையைப் போட்டு உட்கார்ந்து, காலை ஒரு பக்கம் நீட்டிக்கொண்டு டைல்ஸ் ஒட்டிப் பார்த்தார். ஒரு வரிசை முடித்து அடுத்த வரிசைக்கு நகர, கட்டையைத் தூக்கி, எழுந்து, மறுபடி உட்கார வேண்டும். கூட வேலை பார்த்த பையன்கள் அதற்குள் ரூமில் பாதியை முடித்திருப்பார்கள். மேஸ்திரி ஒன்றும் சொல்லவில்லையாம். அடுத்த வேலைக்குக் கூப்பிடவில்லை, அவ்வளவுதான்.

2017-ல் தெரிந்த காண்டிராக்டர் ஒருவர் எர்ணாகுளம் பக்கம் நடந்த கட்டட வேலைக்கு அழைத்துப் போனார். வேலை, சைட்டுக்குக் காவல். கூடவே நம்மூர் ஆட்களுக்குச் சமையல். பழைய சிம் போய்ப் புதிய சிம் வந்தது. அத்தையும் பிள்ளைகளோடு தாய் வீட்டுக்குப் போய்விட்டதால் உசிலம்பட்டி வீடு பூட்டிக் கிடந்தது. 2018 அக்டோபரில் வழக்கு மனுதாரர் சாட்சியத்துக்கு வந்தபோது, டவாலி மூன்று முறை பெயரைக் கூப்பிட்டிருக்கிறார். இன்சூரன்ஸ் வக்கீல் ஆஜர். நம் பக்கம் ஆளும் இல்லை, வக்கீலும் இல்லை. தள்ளுபடி.

தோற்கவில்லை, விசாரிக்கவே இல்லை

மூன்று வருடம் கழித்து, தீபாவளிக்கு ஊர் வந்த மாமா, "மாப்ள, நம்ம கேஸு எங்க நிக்குதுன்னு உன் போன்ல பாக்கலாமாமே" என்றார். இகோர்ட்ஸ் செயலியில் சிஎன்ஆர் என்கிற பதினாறு எழுத்து எண் இருந்தால் ஒரு நொடியில் தெரியும். நம்மிடம் அது எங்கே இருக்கிறது? மாமாவின் பெயரை ஆங்கிலத்தில் விதவிதமாகத் தட்டி, அப்பா பெயரில் ஒரு எழுத்தைக் கூட்டிக் குறைத்து, கடைசியில் பிடித்தேன். 'டிஸ்மிஸ்டு ஃபார் டிபால்ட்' என்று இருந்தது. "அப்ப தோத்துட்டமா?" என்றார். தோற்கவில்லை, யாருமே இன்னும் விசாரிக்கவில்லை என்று விளக்கினேன். அவருக்கு அதுதான் அதிகக் கோபத்தைக் கொடுத்தது.

நான் ஒரு தனியார் கம்பெனியில் கணக்கு எழுதுகிறவன். சட்டம் எனக்கு அந்தச் சில மாதங்களில் தெரிந்ததுதான். வராததால் தள்ளுபடியான வழக்கை மறுபடி கோப்பில் எடுக்கச் சொல்லி சிவில் நடைமுறைச் சட்டத்தின் ஆர்டர் 9, ரூல் 9-ல் மனுப் போட வேண்டும். அதற்குக் கெடு 30 நாள். கெடு தாண்டிவிட்டால் கூடவே காலவரையறைச் சட்டம் 5-ஆம் பிரிவில் தாமதத்தை மன்னிக்கச் சொல்லி இன்னொரு மனு. முதலில் தாமத மனு பாஸாக வேண்டும். அது விழுந்தால் கேஸை எடுக்கிற பேச்சுக்கே இடமில்லை. எங்களுக்கு ஆயிரம் நாளுக்கு மேல் தாமதம்.

புதிதாக ஒரு கேஸ் போட்டுவிட்டால் என்ன என்று என் நண்பன் ஒருவன் கேட்டான். நல்ல கேள்விதான். தள்ளுபடியான அன்றைக்கு எதிர்த்தரப்பும் வராமல் இருந்திருந்தால் அந்த வழி கொஞ்சம் திறந்திருக்கும். எதிர்த்தரப்பு ஆஜராகி நாம் மட்டும் வராமல் போன வழக்கில், அதே காரணத்துக்குப் புது வழக்குப் போடுவதை ரூல் 9 தடுக்கிறது. பழையதை எழுப்புவதுதான் வழி. இன்னொன்றும் அப்போதுதான் நடந்துகொண்டிருந்தது. விபத்து இழப்பீடு கேட்க 1994 நவம்பரிலிருந்து கெடு எதுவும் இல்லாமல் இருந்தது; எத்தனை வருடம் கழித்தும் கேட்க முடிந்தது. 2019-ல் கொண்டுவந்த திருத்தம் 2022 ஏப்ரல் 1 முதல் அமலுக்கு வந்து, ஆறு மாதத்துக்குள் கேட்க வேண்டும் என்று மறுபடி மாற்றிவிட்டது. "நாளைக்குப் பார்க்கலாம்" என்று இருந்த காலம் போய்விட்டது என்று எல்லா வக்கீல் அறையிலும் அதே பேச்சாக இருந்தது.

கொரோனாவைச் சொல்லலாமே என்றும் தோன்றியது. 2020 மார்ச் 15 முதல் 2022 பிப்ரவரி 28 வரையிலான காலத்தைக் கெடுக் கணக்கில் சேர்க்கக் கூடாது என்று சுப்ரீம் கோர்ட்டே உத்தரவு போட்டிருந்தது. ஆனால் நம் 30 நாள் 2018-லேயே முடிந்துவிட்டது. முடிந்துபோன கெடுவை அது நீட்டாது; வேண்டுமானால் காரணங்களில் ஒன்றாக எழுதலாம்.

பழைய வக்கீலைப் போய்ப் பார்த்தோம். மாற்று வக்காலத்துக்கு ஆட்சேபணை இல்லை என்று எழுதிக் கொடுத்து, கேஸ் கட்டையும் எடுத்துக் கொடுத்தார். சண்டை போடலாம் என்று கிளம்பிப் போன மாமா அவர் மேசையில் இருந்த கட்டுகளின் உயரத்தைப் பார்த்துவிட்டுப் பேசாமல் வந்துவிட்டார்.

"எனக்கு எப்ப தாயி காமாலை வந்துச்சு?"

புதிதாக அமர்த்தியவர் ஒரு இளம் பெண் வக்கீல். கேஸைப் படித்துவிட்டு, டைப் அடித்து வைத்திருந்த அபிடவிட்டை மாமாவிடம் கொடுத்து, கடைசிப் பக்கத்தைத் திருப்பிக் காட்டினார். மாமா அஞ்சாவது வரை படித்தவர். ஆனால் எதையும் படித்துக் காட்டாமல் கையெழுத்துப் போடுவதில்லை என்பது அவருடைய வைராக்கியம். எங்கேயோ சீட்டுக் கம்பெனியில் பட்ட அடி. வாசிக்கச் சொன்னார். அபிடவிட் ஆங்கிலத்தில் இருந்ததால் வக்கீலம்மா தமிழில் சொல்லிக்கொண்டே வந்தார். மஞ்சள் காமாலை வந்ததும் மாமா கையை உயர்த்தினார்.

"எனக்கு எப்ப தாயி காமாலை வந்துச்சு?"

"ஐயா, இது எல்லாரும் போடுறதுதான். ஒண்ணும் ஆகாது."

"சத்தியம்னு மேல எழுதியிருக்கே."

நானும் குறுக்கே விழுந்து, மாமா போடுங்கள், கேஸ் உயிரோடு வந்தால் போதும் என்றேன். அவர் என்னைப் பார்க்கவே இல்லை. "அந்த மூணு வருசமும் நான் கேரளாவுல சம்பளம் வாங்கியிருக்கேன் தாயி. பேங்குல ஏறியிருக்கு. படுத்த படுக்கையாக் கெடந்தேன்னு எழுதிட்டு, நாளைக்குக் கூண்டுல ஏத்தி, ஏம்ப்பா நீ வேலைக்குப் போகாம இருந்தது கால் ஒடஞ்சதாலயா காமாலையாலயான்னு அந்த வக்கீல் கேட்டா நான் என்ன சொல்றது?"

வக்கீலம்மா பேனாவைக் கீழே வைத்தார். இதைவிடச் சரியான குறுக்கு விசாரணைக் கேள்வியை இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல்கூட யோசித்திருக்க மாட்டார். காலால் வருமானம் போனது என்பதுதான் எங்கள் கேஸே. அதே மனுதாரர் அதே காலத்தில் வேறொரு நோயில் வருடக்கணக்கில் கிடந்ததாகச் சத்தியம் செய்து வைத்தால், கேஸை எடுக்கப் போட்ட பேப்பரே கேஸைக் குத்திவிடும்.

ஆனால் உண்மையை எழுதுவதிலும் ஆபத்து இருந்தது, அதை அவர் உடனே சொன்னார். "கேரளாவுல வேலை பார்த்தார்னு நாமளே எழுதிக் கொடுத்தா, 'சம்பாதிச்சுக்கிட்டுத்தானே இருந்தார், என்ன இழப்பு'ன்னு கேப்பாங்க ஐயா. காமாலைல அந்தப் பிரச்சினை இல்ல." அறையில் கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லை. பிறகு வக்கீலம்மாதான், கேரளாவில் என்ன வேலை என்று கேட்டார். அதுவரை நாங்கள் யாரும் அதை விவரமாகச் சொல்லியிருக்கவில்லை. கட்டட வேலை என்று மட்டும்தான் சொல்லியிருந்தோம். மாமா, காவலும் சமையலும் என்றார். கொத்தனார் எதற்குச் சமைக்கப் போனார் என்று கேட்டார். மாமா எழுந்து, அந்த அறையின் சிமெண்ட் தரையில் குத்தவைத்து உட்கார முயன்று காட்டினார். பாதி வரை போனார். அப்புறம் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டார்.

"சரி, இதையே எழுதுறேன்" என்றார் வக்கீலம்மா.

அபிடவிட் மாறியது. காலால் தொழில் செய்ய முடியாமல் போனது, அதனால் ஊரைவிட்டுப் போனது, போன் எண் மாறியது, வீடு பூட்டிக் கிடந்தது, அதனால் தேதி தெரியாமல் போனது. வராமல் போனதற்கான காரணமும் வழக்குக்கான காரணமும் ஒரே கால்தான். என்னை உறுத்துவது இதுதான். மூன்று வருடம் கோர்ட்டுக்கு வராதது அவருடைய அலட்சியத்துக்கு அடையாளம் என்று நாங்கள் எல்லோரும், அவர் வக்கீல் உட்பட, எடுத்துக்கொண்டோம். அதை மூடி மறைக்க ஒரு நோயைத் தேடினோம். அவர் வராமல் போனதே காயத்துக்குச் சாட்சி என்பது அபிடவிட்டை அடித்துத் திருத்தும்வரை யார் கண்ணிலும் படவில்லை.

ஆயிரம் நாள் கணக்கு

இன்சூரன்ஸ் தரப்பு போட்ட கவுன்டரில், அதாவது பதில் மனுவில், எதிர்பார்த்ததுதான் இருந்தது: ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும் விளக்கம் இல்லை, மனுதாரர் வேறு மாநிலத்தில் சம்பாதித்துக்கொண்டு வழக்கில் அக்கறையில்லாமல் இருந்தார். ஒவ்வொரு நாளுக்கும் விளக்கம் என்கிற இந்த வாதத்தை 1987-ல் காடிஜி வழக்கிலேயே சுப்ரீம் கோர்ட் கிண்டலடித்திருக்கிறது. அப்படியென்றால் ஒவ்வொரு மணிக்கும், ஒவ்வொரு நொடிக்கும் ஏன் கேட்கக் கூடாது என்று. வக்கீலம்மா அதையும் சொன்னார், 1998-ல் வந்த என். பாலகிருஷ்ணன் வழக்கையும் சொன்னார். அது நம் தமிழ்நாட்டிலிருந்து போன வழக்கு. 883 நாள் தாமதம். அங்கேயும் வக்கீல் தகவல் சொல்லாமல் விட்டதுதான் காரணம். கீழ்க்கோர்ட் மன்னித்தது, ஹைகோர்ட் மறுத்தது, சுப்ரீம் கோர்ட் கீழ்க்கோர்ட் செய்ததே சரி என்றது. எத்தனை நாள் என்பது பெரிதல்ல, சொல்கிற காரணம் ஏற்கும்படி இருக்கிறதா என்பதே முக்கியம் என்பது அதன் சாரம்.

எங்கள் பக்கம் ஆதாரம் என்று இருந்தது கேரளாக் கிளையில் வரவு விழுந்த பாஸ்புக்கும், காண்டிராக்டர் கொடுத்த ஒரு கடிதமும். நீதிபதி பாஸ்புக்கை வாங்கிப் புரட்டினார். மாதாமாதம் விழுந்த தொகையைப் பார்த்துவிட்டு, கொத்தனார் சம்பளமா இது என்று கேட்டாராம். நான் பின்னால் நின்றதால் எனக்குக் காதில் விழவில்லை, வக்கீலம்மா சொன்னது. 2022 கடைசியில் உத்தரவு வந்தது. மூவாயிரம் ரூபாய் செலவுத் தொகையை மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குக் கட்ட வேண்டும், கட்டினால் தாமதம் மன்னிக்கப்படும். மறுத்திருந்தால் சீராய்வு கேட்டு ரிவிஷனுக்கு ஒத்தக்கடை பக்கம் ஹைகோர்ட் கிளைக்குப் போயிருப்போம். அந்தக் கிளை வந்த 2004-க்கு முன்னால் என்றால் அதற்கும் சென்னைக்குத்தான் ரயில் ஏற வேண்டும். மாமா அதற்கு மேல் நடத்தியிருக்கவே மாட்டார்.

விசாரணையில் இன்சூரன்ஸ் வக்கீல் கேரளாவைத்தான் பிடித்தார். "அங்கே வேலை பார்த்துச் சம்பாதித்தீர்கள்தானே?" மாமா, "சம்பாதிச்சேன்யா. கொத்துக் கரண்டி போயி சோத்துக் கரண்டி ஆச்சு" என்றார். கோர்ட்டில் லேசாகச் சிரிப்பு. நீதிபதி அதை ஆங்கிலத்தில் எப்படிப் பதிவு செய்தார் என்று தெரிந்துகொள்ள எனக்கு இன்னும் ஆசை உண்டு.

மெடிக்கல் போர்டு அவர் காலுக்கு 35 சதவீதம் ஊனம் என்று கொடுத்திருந்தது. அந்த எண்ணை அப்படியே வருமான இழப்பாக எடுக்கக் கூடாது, அந்த ஆள் என்ன தொழில் செய்தார், இனி எதைச் செய்ய முடியும் என்று பார்த்து முடிவு செய்ய வேண்டும் என்று 2010-ல் ராஜ்குமார் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னதுதான் இன்று இழப்பீட்டு வழக்கு விசாரிக்கும் எல்லா டிரிப்யூனலுக்கும் வழிகாட்டி. எங்கள் தீர்ப்பில் 25 சதவீதம் என்று எடுத்தார்கள். மாத வருமானம் எட்டாயிரம், விபத்தின்போது வயது 43, ஆகவே சுப்ரீம் கோர்ட்டின் சர்லா வர்மா தீர்ப்பு அட்டவணைப்படி பெருக்கு எண், அதாவது வருட இழப்பை எத்தனையால் பெருக்குவது என்கிற எண், 14. இந்தத் தலைப்பில் மட்டும் 3,36,000 ரூபாய். மருத்துவம், வலி, உதவியாள் எல்லாம் சேர்த்து நாலரை லட்சம் பக்கம் வந்தது. வயதை விபத்து நடந்த நாளை வைத்துத்தான் எடுக்கிறார்கள் என்பதால் தாமதம் அந்தக் கணக்கைத் தொடவில்லை. கொத்தனாருக்கு 25 சதவீதம் குறைவு என்றுதான் எனக்கு இப்போதும் படுகிறது. சாரம் ஏற முடியாதவனுக்கு என்ன முக்கால்வாசித் தொழில் மிச்சம்?

தாமதம் தொட்டது வட்டியை. மனுத் தாக்கல் நாளிலிருந்து ஏழரை சதவீத வட்டி, டிபால்ட் காலத்துக்கு மட்டும் வட்டி இல்லை. நம் பக்கத் தீர்ப்புகளில் வழக்கமாக வருகிற வரி. தள்ளுபடியான நாளிலிருந்து மறுபடி எடுத்த நாள் வரை நாலு வருடம். நான் கணக்கெழுதுகிறவன் என்பதால் உடனே போட்டுப் பார்த்தேன், ஒன்றேகால் லட்சத்துக்கு மேல். வழக்கே இல்லாத காலத்துக்கு எதிராளி ஏன் வட்டி கட்ட வேண்டும் என்று கேட்டால் நியாயமாகத்தான் தெரியும். ஆனால் அந்த நாலு வருடமும் பணம் யாரிடம் இருந்தது? மூவாயிரம் ரூபாய் செலவுத் தொகை என்று உத்தரவில் எழுதியிருந்தாலும், வராமல் போனதற்கு மாமா உண்மையில் கட்டிய அபராதம் இதுதான்.

தீர்ப்பு வந்த பிறகு ஒருநாள் வக்கீலம்மாவிடம், இனிமேல் நீங்கள் காமாலை எழுத மாட்டீர்கள் அல்லவா என்று விளையாட்டாகக் கேட்டேன். அவர் சிரிக்கவில்லை. "உங்க மாமாகிட்ட ஒரு பாஸ்புக் இருந்துச்சு சார். பேரையூர்ப் பக்கம் ஒரு அம்மா, புருஷன் லாரியில அடிபட்டுச் செத்துட்டார். பஸ்ஸுக்குக் காசு இல்லாம வாய்தாவுக்கு வரல. பேங்க் கணக்கு கிடையாது, லெட்டர் குடுக்க ஆளும் கிடையாது. காசு இல்லங்கிறதுக்கு அவங்க என்னத்தைக் காட்டுவாங்க? அவங்களுக்கு நான் காமாலைதான் எழுதினேன். அலவ் ஆயிடுச்சு" என்றார். அப்புறம் கேஸ் கட்டைத் திருப்பி மாமா விஷயத்துக்கு வந்துவிட்டார்.

மேல்முறையீட்டுக்கான 90 நாள் போய்விட்டது, இன்சூரன்ஸ் கம்பெனி பணத்தைக் கோர்ட்டில் கட்டிவிட்டது. வங்கிக் கணக்குக்கு மாற்ற மனுப் போட்டோம். ஆதாரில் மாமா பெயருக்கு முன்னால் இருக்கிற இனிஷியல் மனுவில் இல்லை, இரண்டும் ஒரே ஆள்தான் என்று இன்னொரு அபிடவிட் வேண்டுமாம். வருகிற வியாழக்கிழமை கையெழுத்துப் போடப் போகிறோம். இதையும் படித்துக் காட்டச் சொல்வார்.